சிரிப்பு என்று பதிவான மிதவை

லுசாகா நகரத்தில் மியோபாவைப் போலப் பொறாமைப்படத் தெரிந்த பெண் இதுவரை பிறந்ததில்லை. அவள் ஒரு பார்வை பார்த்தால் நாடாளுமன்ற வளாகத்து ஜகரண்டா மரங்கள் ஏழும் ஒரே மூச்சில் பூவை உதிர்த்துவிடும். தேநீர் அறையில் பால் திரியும். சரி, ஏழு என்றது கொஞ்சம் கூடுதல். ஒரு மரம்தான், அதுவும் எப்படியும் உதிர்கிற பருவத்தில். பால் திரிந்தது மட்டும் உண்மை. குளிர்பெட்டி பழுதாகிக் கிடந்தது என்று சொல்கிறவர்கள் சொல்லிக்கொள்ளட்டும்.

மியோபா ஹகசென்கே தெற்கே மோன்ஸே பக்கத்துத் தோங்கா இனத்துக்காரி. மூத்த மகள் பெயரை ஒட்டி அலுவலகத்தில் அவளை "பினா லுயாண்டோ" என்பார்கள், லுயாண்டோவின் அம்மா என்று. நாடாளுமன்றத்தில் அரசு உறுதிமொழிக் குழு என்று ஒரு குழு உண்டு. அமைச்சர்கள் அவையில் எழுந்து நின்று மார்பைத் தட்டி, "இந்த அரசு பாலம் கட்டும், மருந்து அனுப்பும், கிணறு தோண்டும்" என்று சொல்வார்களே, அந்தச் சொல் காற்றோடு போகாமல் பிடித்து வைத்து, "என்ன ஆயிற்று ஐயா?" என்று துறைகளைக் கூப்பிட்டுக் கேட்கிற குழு. பிடித்து வைக்கிற கை மியோபாவின் கை. பச்சை அட்டை போட்ட ஒரு பெரிய பதிவேடு. ஒவ்வொரு வாக்குறுதிக்கும் ஓர் எண், சொன்னவர் பெயர், சொன்ன நாள். நிறைவேறினால் குறுக்கே ஒரு சிவப்புக் கோடு. நிறைவேறாவிட்டால் "நிலுவை". பதினாறு வருஷமாக அந்தப் புத்தகத்தில் ஒரு பொய் ஏறியதில்லை. ஓர் அமைச்சர் போய் இன்னொருவர் வருவார், கட்சியே கவிழ்ந்து மறு கட்சி வரும். பச்சைப் புத்தகம் மட்டும் மேசை மேல் அப்படியே இருக்கும், மறக்காத மாமியாரைப் போல.

இவ்வளவு பெரிய வேலை செய்கிறவளுக்கு நாற்காலி எங்கே தெரியுமா? நான்காம் எண் அறையில், பின் சுவரோரம், நீர்க்கசிவுக் கறைக்கு நேர் கீழே. கூட்டத்தில் யார் என்ன சொன்னார்கள் என்று அங்கே உட்கார்ந்துதான் எழுதுவாள். வாய் திறக்க அனுமதி கிடையாது. தும்மல் வந்தால்கூட வெளியே போய்த் தும்ம வேண்டும்.

முன்னே, குழுத் தலைவருக்கு இடப்பக்கம், கைப்பிடி வைத்த நாற்காலியில் உட்கார்ந்திருப்பவள் லிம்போ. மேற்கே மோங்கு பக்கத்து லோசி இனத்துக்காரி. மியோபாவுக்கு ஐந்து வருஷம் கழித்து வேலைக்கு வந்தவள். கழிவறை எந்தப் பக்கம் என்று முதல் நாள் காட்டிக் கொடுத்ததே மியோபாதான். பழைய குழு எழுத்தர் ஓய்வு பெற்றதும், தற்காலிகமாக என்று சொல்லி லிம்போவை அந்த நாற்காலியில் உட்கார வைத்தார்கள். இந்த வருஷ அறிக்கை அவையில் ஏற்கப்பட்டதும் நிரந்தரமாக்குவதாகப் பேச்சு.

அந்த நாற்காலியைப் பார்க்கும்போதெல்லாம் மியோபாவின் வயிற்றில் யாரோ ஊதுகுழல் வைத்து ஊதினார்கள். கைப்பிடிக்காக எரிந்தாள். லிம்போவுக்கென்று தனியாக வைத்த தண்ணீர்க் கூஜாவுக்காக எரிந்தாள். வருஷ அறிக்கையின் கடைசிப் பக்கத்தில் எழுத்தர் பெயர் அச்சில் வருவதற்காக எரிந்தாள். லிம்போவின் சிட்டெங்கே துணி இடுப்பில் அவிழாமல் நிற்கிற விதத்துக்கும் கொஞ்சம் எரிந்தாள். இவையெல்லாம் சில்லறை எரிச்சல்கள். பெரிய எரிச்சல் தலைவரின் காது. குழு நடக்கையில் தலைவர் ஹமூசோண்டேவின் காதில் பேச உரிமை உள்ள ஒரே வாய் எழுத்தரின் வாய். லிம்போ சாய்வாள், அந்தப் பெரிய, மயிர் முளைத்த காது அவள் பக்கம் சாயும், இடையில் நாலு விரற்கடை தூரம். நொடியில் கேள்வி திசை மாறும், பொய் சொல்ல வந்த அதிகாரி வியர்ப்பான். ஒரு தேசத்தின் நியாயம் அந்த நாலு விரற்கடைக்குள் ஓடுவதாக மியோபா நம்பினாள். அந்த இடத்தில் தன் வாய் இருந்திருக்க வேண்டும் என்றும் நம்பினாள். "உனக்கு நாற்காலி வேணுமா, நிம்மதி வேணுமா?" என்று அவள் கணவன் ஒருநாள் சாப்பாட்டு நேரத்தில் கேட்டுப் பார்த்தான். நாற்காலி என்று அவள் மென்றபடியே சொன்னாள்.

எரிச்சலை மறைக்க அவளுக்கு நல்ல போர்வை ஒன்று இருந்தது. லோசிக்காரர்களும் தோங்காக்காரர்களும் கேலிமுறை உறவு. எந்தக் காலத்திலோ லோசிப் படை தெற்கே வந்து மாடுகளை ஓட்டிக்கொண்டு போனதாம். பகை கரைந்து கேலி மட்டும் தங்கிவிட்டது. சந்தையில், பேருந்தில், ஏன், இழவு வீட்டில் பிணத்துக்குப் பக்கத்தில்கூட ஒருவரை ஒருவர் என்ன வேண்டுமானாலும் சொல்லலாம். கோபித்துக்கொண்டால்தான் குற்றம். ஆகவே மியோபா தினம் காலையில், "என்னடி மாட்டுத்திருடி, நாற்காலியும் திருடுன மாடுதானா?" என்பாள். லிம்போ சிரித்துக்கொண்டே, "வந்து சாணி அள்ளேன் மச்சினி" என்பாள். சுற்றி இருப்பவர்கள் சிரிப்பார்கள். மியோபாவும் சிரிப்பாள். அவள் சொன்னதில் பாதி நிஜம் என்று யாருக்குத் தெரியும்?

இந்தக் கேலியைப் பற்றிக் குழு அலுவலகத்தில் எழுதாத சட்டம் ஒன்று இருந்தது. முன்னொரு காலத்தில் யாரோ ஒரு புது எழுத்தன், சாட்சி சொல்ல வந்தவர் உறுப்பினரைப் பார்த்து "திருட்டுப் பயலே" என்றதை அப்படியே அச்சில் ஏற்றிவிட்டானாம். வெளிநாட்டிலிருந்து வந்திருந்த ஒரு விருந்தினர் அதைப் படித்துவிட்டு, உங்கள் நாட்டில் குழுக்களுக்குப் பாதுகாப்பு இருக்கிறதா என்று விசாரித்தாராம். அன்றிலிருந்து முறைக்காரர்களின் கேலி பதிவுக்கு இல்லை. அந்த இடத்தில் அடைப்புக்குறி போட்டு "சிரிப்பு" என்று எழுதிவிட்டு மேலே போய்விட வேண்டும்.

இனிக் கதைக்கு வருகிறேன்.

பச்சைப் புத்தகத்தில் எண் இருநூற்று எண்பத்தேழு, நாமோங்கா மிதவை. லாரியே ஏறிக் கடக்கிற இரும்பு மிதவை. மேற்கே, வெள்ளக் காலத்தில் ஆறு கடலாகிவிடும் நாமோங்கா துறையில், பிள்ளைத்தாய்ச்சிகளை மரத்தைக் குடைந்த ஓடத்தில் ஏற்றிக் கடத்துகிறார்கள் என்று அந்த ஊர் உறுப்பினர் அவையில் அழாத குறையாகக் கேட்க, அமைச்சர் வாக்குக் கொடுத்தது. கேட்ட உறுப்பினர் இறந்துபோனார். இடைத்தேர்தல் நடக்கும் வரைக்கும் தொகுதி காலி. நாமோங்காவுக்கென்று பேச அந்தக் கட்டடத்தில் அப்போது ஒரு வாயும் இல்லை. வருஷா வருஷம் மழை பிடித்ததும் அந்தத் துறையின் சிறு மருத்துவமனைச் செவிலி ஒருத்தி குழுவுக்குக் கடிதம் போடுவாள். அது மியோபாவின் மேசைக்கு வரும், கோப்பில் சேரும்.

அந்த எண் விசாரணைக்கு வந்த நாளில் சம்பந்தப்பட்ட துறையின் செயலாளர் அகபெல்வா வந்து உட்கார்ந்தார். அவரும் லோசிக்காரர், மினுமினுக்கும் சப்பாத்து. துறையின் எழுத்துப் பதில் அதைவிட மினுமினுப்பு: "மிதவை கட்டி முடிக்கப்பட்டுச் சேவையில் விடப்பட்டுள்ளது." உறுப்பினர்கள் திருப்தியோடு வேர்க்கடலைத் தட்டை நகர்த்திக்கொண்டார்கள். பெரிய அவையில், மேல்மாடத்திலிருந்து பார்வையாளர்கள் பார்க்கையில் ஒருவரை ஒருவர் கடித்துக் குதறுகிற இரு கட்சிக்காரர்களும் இந்த அறைக்குள் ஒரே தட்டில்தான் கடலை தின்பார்கள். பார்வையாளர் இல்லாவிட்டால் கேள்விக்குப் புத்தி வந்துவிடும்.

தலைவர் ஹமூசோண்டே தோங்காக்காரர். ஏரிக்கரைச் சியாபூகா அவருடைய தொகுதி. எதிரே லோசிக்காரர் உட்கார்ந்திருக்கும்போது சும்மா இருக்க முடியுமா?

"எங்க தாத்தா மாட்ட ஓட்டிட்டுப் போனவங்களாச்சே. மிதவையையும் எங்கயாச்சும் ஓட்டிட்டுப் போயிட்டீங்களா மச்சான்?"

செயலாளர் மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்தபடி சொன்னார்: "நாங்க எங்க ஓட்டுனோம்? எங்க மிதவைதான் இப்ப உங்க ஏரில மிதக்குது. மாட்டுக்கு ஈடாயிருச்சு மச்சான், விடுங்க."

அறை குலுங்கிற்று. எல்லாரையும்விடப் பலமாகச் சிரித்தது லிம்போ. கையிலிருந்த பேனா கீழே விழுந்து உருண்டது. மியோபாவின் கை பழக்கத்தில் "சிரிப்பு" என்று எழுதி அடைப்புக்குறியை மூடியது. மூடியபின் நின்றுவிட்டது.

ஏனென்றால் இரண்டு மாதத்துக்கு முன் மோன்ஸேயில் ஒரு சாவு வீட்டில், ஏரிக்கரையில் வாழ்க்கைப்பட்ட அவளுடைய சித்தி மகள் பெருமை அடித்துக்கொண்டிருந்தாள். சியாபூகாவுக்குப் புது மிதவை வந்திருக்கிறதாம், தலைவரே ரிப்பன் வெட்டினாராம். பக்கவாட்டில் ஏதோ பெயர் எழுதி அதன்மேல் கறுப்பு வண்ணம் பூசியிருக்கிறார்களாம். வெயிலில் வண்ணம் உரிந்து "நாமோ" வரைக்கும் தெரிகிறதாம். என்ன பெயரோ, தொழிற்சாலைக்காரன் பெயராக இருக்கும் என்றாள். அன்றைக்கு மியோபாவின் கவனம் அந்தச் சித்தி மகளின் புதுக் காதணியில் இருந்தது. அதையும் ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும்.

இப்போது இரண்டும் ஒட்டிக்கொண்டன. செயலாளர் கேலி செய்யவில்லை. உண்மையைச் சொன்னார். முறைக்காரன் சிரித்துக்கொண்டே சொன்னால் அது சாட்சியமாகாது என்று தெரிந்து சொன்னாரோ, நாக்கு தவறினாரோ, அவருக்கே வெளிச்சம். அந்த அறையில் அதைக் காதில் வாங்கியது மியோபா மட்டும்.

அன்று மாலை மினிபஸ்ஸில் கப்வாட்டாவிலுள்ள வீட்டுக்குப் போகையில் அவள் வயிற்றில் எரிந்துகொண்டிருந்தது திடீரென்று இனித்தது. கணக்கு மிக எளிது. இன்னும் ஒன்பது நாளில் குழு கூடி அறிக்கையை முடிக்கும். இருநூற்று எண்பத்தேழின் மேல் சிவப்புக் கோடு விழும். ஒருமுறை கோடு விழுந்த வாக்குறுதியை அந்த நாடாளுமன்றத்தின் ஆயுள் முடியும் வரை மறுபடி திறக்க முடியாது, அது விதி. பிறகு எப்படியும் ஒருநாள் வெளியே தெரியும். செய்தித்தாளில் வரும். இல்லாத மிதவைக்குக் கோடு போட்ட எழுத்தர் யார்? அதுவும் ஒரு லோசிக்காரி, தன் ஆற்றுக்காரர்களின் மிதவைக்கே கோடு போட்டவள். நாற்காலி காலியாகும். மாறாக, இப்போதே போய் லிம்போவிடம் சொன்னால்? லிம்போ தலைவர் காதில் சொல்வாள், பேர் வாங்குவாள், நாற்காலியில் ஆணி அடித்த மாதிரி உட்கார்ந்துவிடுவாள். நெல்லை இவள் குத்த, சோற்றை அவள் தின்பாளா?

சொல்லவில்லை. ஒன்பது நாளும் அவள் அபூர்வமான சந்தோஷத்தில் இருந்தாள். லிம்போவின் கூஜாவில் தானே தண்ணீர் நிரப்பி வைத்தாள். "என்ன மச்சினி, உடம்பு சரியில்லையா?" என்று லிம்போ கேட்குமளவுக்கு அன்பாக இருந்தாள்.

ஏழாம் நாள் செவிலியின் கடிதம் வந்தது. மழை இந்த வருஷம் முந்திப் பிடித்துக்கொண்டது என்று எழுதியிருந்தாள். போன வாரம் ஒருத்தியை ஓடத்தில் கடத்தினார்கள், நடு ஆற்றில் வலி கண்டு அங்கேயே பிள்ளை பிறந்தது, ஓட்டுகிறவன் முகத்தைத் திருப்பிக்கொண்டு துடுப்புப் போட்டான், இருவரும் பிழைத்தார்கள், அடுத்த தடவைக்கு நான் உறுதி சொல்ல முடியாது. கடைசியில் ஒரு வரி: மிதவை எப்போது வரும் என்று மட்டும் சொன்னால் நாங்கள் அதுவரை எண்ணிக்கொண்டிருப்போம்.

மியோபா கடிதத்தை மடித்து இழுப்பறையில் போட்டுப் பூட்டினாள். பூட்டிவிட்டு இன்ஷிமா களியும் நெத்திலிக் கருவாடுமாகக் கொண்டுவந்திருந்த மதியச் சாப்பாட்டைத் திறந்தாள். இரண்டு உருண்டைக்கு மேல் இறங்கவில்லை. களி கட்டிபட்டுவிட்டது என்று மகளைத் திட்டிக்கொண்டாள்.

வியாழக்கிழமை காலை நான்காம் எண் அறையில் குழு கூடியது. அன்று சாட்சிகள் யாரும் இல்லை. உறுப்பினர்கள் மட்டும் உட்கார்ந்து ஒவ்வொரு எண்ணாகப் பேசி, இது முடிந்ததா நிலுவையா என்று தீர்மானிக்கிற நாள். மியோபா வரும்போது செவிலியின் கடிதம் கைப்பைக்குள் இருந்தது. அதனுடன் ஒரு துண்டுச் சீட்டும் இருந்தது. அதில் தன் முத்துமுத்தான எழுத்தில் எழுதியிருந்தாள்: "287. மிதவை நாமோங்காவில் இல்லை, சியாபூகாவில் இருக்கிறது. பெயரைக் கறுப்பு வண்ணம் பூசி மறைத்திருக்கிறார்கள். செயலாளரே சொன்னார், நாம் சிரித்துவிட்டோம். ஒலிநாடா, நாற்பதாவது நிமிடம்." யாருக்கென்று மேலே பெயர் போடவில்லை.

இருநூற்று எண்பத்தாறு முடிந்தது, பள்ளிக்கூடத்துக் கூரை. அடுத்தது வந்தது. எதிர்க்கட்சி வரிசையில் கலுபா அம்மாள் என்று ஒரு மூத்த உறுப்பினர் உண்டு. முன்னாள் பள்ளி ஆசிரியை. பதிலை நம்பும் முன் விடைத்தாளைத் திருப்பிப் பார்க்கிற பழக்கம் போகாதவர். "இந்த மிதவைய யாராச்சும் கண்ணால பாத்தீங்களா?" என்று கேட்டார். துறை எழுத்தில் கொடுத்திருக்கிறதே என்றார் தலைவர். கலுபா அம்மாள் பின்பக்கச் சுவரைப் பார்த்தபடி ஏதோ யோசித்தார். மியோபா தன் சப்பாத்தைப் பார்த்தாள். மேலும் கேள்வி இல்லை. கைகள் உயர்ந்தன. முடிந்ததாகக் கொள்ளப்பட்டது.

அப்போது லிம்போ கையை நீட்டிப் பச்சைப் புத்தகத்தைத் தன் பக்கம் இழுத்தாள். கோடு போடுவது எழுத்தரின் உரிமை. பக்கத்தைப் புரட்டினாள். சிவப்புப் பேனாவை எடுத்தாள்.

மியோபாவுக்குத் திட்டம் எல்லாம் சரியாகத்தான் இருந்தது. இந்த ஒரு காட்சியை மட்டும் அவள் எண்ணிப் பார்க்கவில்லை. கோடு விழப்போவது அவளுடைய புத்தகத்தில். பதினாறு வருஷம் அவள் ஈரக் கையால் தொடாத புத்தகம். அதில் முதல் பொய்யை இந்த மாட்டுத்திருடி எழுதுவதா? தன் மூக்கை அறுத்தாவது எதிரிக்குச் சகுனத்தடை செய்யலாம் என்று இருந்தவளுக்கு, அறுபடப்போவது மூக்கு அல்ல, தலை என்று அந்த நிமிஷம்தான் உறைத்தது. நாமோங்காவின் பிள்ளைத்தாய்ச்சிகளுக்காக எழுந்தாளா, புத்தகத்துக்காக எழுந்தாளா? இரண்டும் என்று சொன்னால் அவளுக்குக் கௌரவம். பொறாமையே எழுப்பிவிட்டது என்று சொன்னால் பொருத்தம்.

எழுந்தாள். சுவரிலிருந்து தலைவர் மேசைக்குப் பத்து அடி. நேராக நடந்துபோய்ச் சீட்டையும் கடிதத்தையும் லிம்போவின் முன்னால் வைத்தாள். பின் வரிசை ஊழியர் நடுக்கூட்டத்தில் எழுந்து நடப்பது அந்த அறை கண்டிராத அதிசயம். கடலை மென்ற வாய்கள் நின்றன. அவள் திரும்பி வந்து உட்கார்ந்து குறிப்பேட்டைத் திறந்துகொண்டாள். போயிற்று, நாற்காலி போயிற்று என்று உள்ளே ஒரு குரல் ஒப்பாரி வைத்தது.

லிம்போ சீட்டைப் படித்தாள். கடிதத்தைப் படித்தாள். ஆற்று நடுவில் பிள்ளை பிறந்த வரியில் அவள் விரல் நின்றது. தலைவர் என்ன என்று கேட்காமல் காதைச் சாய்த்தார். அந்தப் பெரிய காது, நாலு விரற்கடை தூரத்தில், காத்துக்கொண்டிருந்தது. காதில் சொன்னால் அது காதோடு போய்விடும். சியாபூகா அந்தக் காதுக்காரரின் ஊர் அல்லவா. அறை முழுக்கக் கேட்கும்படி பேசவோ எழுத்தருக்கு அனுமதி கிடையாது.

லிம்போ பேனாவைக் கீழே வைத்தாள். மேற்கே பெரியவர்கள் முன் செய்வதைப் போல இரண்டு முறை மெல்லக் கை தட்டினாள். எழுத்தராகப் பேசவில்லை. முறைக்காரியாகப் பேசினாள். கேலி செய்ய எந்த விதியின் அனுமதியும் வேண்டாம் பாருங்கள்.

"மச்சான், உங்க மாட்ட ஓட்டுனது நாங்கதான், இல்லைங்கல. ஆனா மாட்டு மேல போட்டிருந்த சூட்டுக்குறிய நாங்க அழிச்சதில்ல. நீங்க எங்க மிதவைய ஓட்டுனதுமில்லாம, எழுதியிருந்த பேரு மேல கறுப்பு மையப் பூசிட்டீங்களே."

எல்லாரும் சிரித்தார்கள். தலைவரும் தொப்பை குலுங்கச் சிரித்தார். லிம்போ மட்டும் சிரிக்கவில்லை. பின்சுவரைத் திரும்பிப் பார்த்து, சாதாரணக் குரலில், "பினா லுயாண்டோ, இத எழுதுங்க. சிரிப்புன்னு போடாதீங்க" என்றாள்.

சிரிப்பு அறையின் ஒவ்வொரு மூலையாக அணைந்தது. தலைவருடையது கடைசியாக அணைந்தது.

மியோபா எழுதினாள். ஒரு சொல் விடாமல், சூடு, மை, மச்சான் எல்லாம் சேர்த்து எழுதினாள். நாடாளுமன்றத்தில் அவள் எழுதியதிலேயே அழகான பக்கம் அதுதான் என்று இன்றைக்கும் சொல்வாள்.

ஹமூசோண்டே கெட்ட மனிதர் அல்லர். கைக்குட்டையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு, "ரிப்பன் வெட்டுனது நான்தான். எங்கேருந்து வந்துச்சுன்னு நான் கேக்கல" என்றார். பிறகு தன் ஊர் சம்பந்தப்பட்ட விஷயத்தில் தான் தலைமையில் இருக்கக்கூடாது என்று சொல்லி எழுந்து, கலுபா அம்மாளை நாற்காலியில் உட்கார வைத்துவிட்டு, கீழே உறுப்பினர்களோடு உட்கார்ந்தார். மேலே அவையில் ஒருவரை ஒருவர் ஊழல் பேர்வழி என்று கத்தியிருப்பார்கள். மூன்று நாள் கத்தியபின் மறந்திருப்பார்கள். இங்கே யாரும் கத்தவில்லை. ஒலிநாடா வந்தது. நாற்பதாவது நிமிடம் ஓடியது. தங்கள் சிரிப்பைத் தாங்களே கேட்டுக்கொண்டு, ஆளுங்கட்சிக்காரரும் எதிர்க்கட்சிக்காரரும் ஒரே கடலைத் தட்டைப் பார்த்தபடி உட்கார்ந்திருந்தார்கள்.

இருநூற்று எண்பத்தேழு நிலுவையில் நின்றது. செயலாளரை மறுபடி கூப்பிட்டார்கள். இந்தத் தடவை அவருக்குக் கேலி வரவில்லை. குழுவே ஏரிக்கரைக்குப் போய் உரிந்த வண்ணத்தைத் தொட்டுப் பார்த்தது. மிதவையைப் பகுதி பகுதியாகக் கழற்றி லாரிகளில் மேற்கே கொண்டுபோனார்கள். பெருவெள்ளம் வருவதற்குப் பதினோரு நாள் முன்னால் அது நாமோங்காவில் மிதந்தது. ஏரிக்கரைக்காரர்கள் பாவம், வந்த மிதவை போயிற்று. அவர்களுக்கும் ஒன்று தருவதாக அமைச்சர் அவையில் வாக்குக் கொடுத்தார். அது பச்சைப் புத்தகத்தில் எண் நானூற்றுப் பதின்மூன்று. முறைக்காரர் கேலியையும் இனிமேல் வரி விடாமல் பதிவு செய்ய வேண்டும் என்று குழு தீர்மானம் போட்டது. அதிலிருந்து அதிகாரிகள் கேலி செய்வதைக் குறைத்துக்கொண்டார்கள். கூட்டங்கள் சற்று வறட்சிதான்.

நாற்காலி? அது லிம்போவுக்கே நிரந்தரமாயிற்று. பாராட்டுக் கடிதம் வந்தது. மியோபா தன் கையால் சமைத்துப் பரிமாறிய விருந்தை வாசலில் நின்று பார்க்கிறவள் போலப் பார்த்தாள். லிம்போ முதல் காரியமாக, பதிவேடு வைத்திருப்பவரும் முன்வரிசையில்தான் உட்கார வேண்டும் என்று எழுதிக் கேட்டு, தன் பக்கத்தில் இன்னொரு நாற்காலி போட வைத்தாள். மியோபா அதில் உட்கார்ந்து பார்த்தாள். கைப்பிடி இல்லை. அதை அன்றே கவனித்துவிட்டாள், இன்றுவரை மறக்கவில்லை.

இவ்வளவையும் எழுதி முடித்து, போன ஞாயிற்றுக்கிழமை லிபாலாவில் லிம்போவின் வீட்டில் இருவரையும் உட்கார வைத்துப் படித்துக் காட்டினேன். சுட்ட மீன் லிம்போவுடையது, புளித்த பால் மியோபா கொண்டுவந்தது. குழுவில் கேட்பது போலவே, போன கூட்டத்தின் குறிப்பில் திருத்தம் உண்டா என்று கேட்டேன். மியோபா, பொறாமை என்ற சொல் அதிகம், மற்றபடி சரி என்றாள். லிம்போ மீன் முள்ளைத் தட்டின் ஓரத்தில் வைத்துவிட்டுக் கையை உயர்த்தினாள்.

"ஒரு திருத்தம். நேரா நடந்து வந்தான்னு எழுதியிருக்கீங்க. அப்பிடி இல்ல. அஞ்சு அடி வந்தா, நின்னா, திரும்பிப் போயி உக்காந்துட்டா. ரெண்டாவது தரம் எந்திரிச்சுதான் வந்து சேந்தா. அதுவரைக்கும் நான் பேனா மூடி இறுகிக்கிட்ட மாதிரி திருகிக்கிட்டே இருந்தேன். மூடி ஒண்ணும் இறுகல."